சூளையடியில் கதை கட்டாத வீடு

இது நடந்தது. நடந்தபடியேதான் இங்கே எழுதப்பட்டிருக்கிறது.

பேய்க்கதை என்றதும் நடுச்சாமம், மழை, நாய் ஊளை, கதவு கிறீச்சென்று திறப்பது என்று காத்திருப்பவர்கள் கொஞ்சம் பொறுக்க வேண்டும். இதில் அந்தச் சாமான் ஒன்றும் கிடையாது. இருந்ததெல்லாம் வெயில். மண்டையைப் பிளக்கிற வன்னி வெயிலும், கண்ணுக்குள் புழுதி அள்ளிப் போடுகிற சோளகக் காற்றும்தான். நேரம் பகல் பன்னிரண்டரை. கிளிநொச்சிச் சந்தியில் பஸ் ஹோன் அடித்தால் கேட்கிற தூரம். அப்படிப்பட்ட இடத்தில் பேயாவது பிசாசாவது என்று சிரிக்கலாம். பிரஷாந்தினியும் அன்று காலைவரை சிரித்தவள்தான்.

பிரஷாந்தினிக்குத் தபால் கந்தோரில் வேலை. வவுனியாவிலிருந்து மாற்றமாகி வந்து ஒரு வீட்டின் பின்னறையில் வாடகைக்கு இருந்தாள். ஒரு பாய், ஒரு கோப்பை, ஒரு தேத்தண்ணிக் குவளை. மகளை வவுனியாவில் அக்கா வீட்டில் விட்டிருந்தாள். நாலரை வயது. ஞாயிற்றுக்கிழமைகளில் போய்ப் பார்த்துவிட்டுப் பொழுதுபட பஸ் ஏறும்போது பிள்ளை பஸ்ஸின் கம்பியைப் பிடித்துக்கொண்டு விடாது. "எப்பயம்மா என்னையும் கூட்டிக்கொண்டு போவீங்கள்?" என்று கேட்கும். அந்தக் கேள்வியோடு கிளிநொச்சிவரை வர வேண்டும். அது எவ்வளவு நீளமான றோட்டு என்று அவளைத்தான் கேட்க வேண்டும்.

கணவன் செந்தூரன் பிரான்ஸுக்குப் போனவன். பிள்ளை அப்போது கைக்குழந்தை. விமான நிலையத்தில் கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம் போகுமுன் திரும்பி நின்று, "போயிட்டு வாறன்" என்றான். முதலில் தினம் போன் வந்தது. பிறகு கிழமைக்கு ஒன்று. பிறகு நல்லநாள் பெருநாளுக்கு ஒன்று. பிறகு அந்த இலக்கம் பாவனையில் இல்லை என்று ஒரு பெண் குரல் பிரெஞ்சில் சொன்னது.

அன்றிலிருந்து பிரஷாந்தினியின் வாயில் அவன் சொல்லிப்போன அந்தச் சொல் வராது. யார் வீட்டிலிருந்து கிளம்பினாலும் "அப்ப சரி" என்பாள். அவ்வளவுதான். நம்முடைய ஆட்களுக்கு அது காதில் குத்தும். ஒரு வீட்டுப் படி இறங்கும்போது "போயிட்டு வாறன்" என்று சொல்லாதவளை யாருக்குப் பிடிக்கும்? திமிர் என்றார்கள். அவளும் விளக்கம் சொல்லவில்லை.

மகளைக் கூட்டி வர ஒரு வீடு வேண்டும். கிளிநொச்சி ரவுணுக்குள் பார்த்த வீட்டுக்காரர்கள் எல்லாரும் ஒரே கேள்வியைத்தான் முதலில் கேட்டார்கள். "மனுசன் எங்க?" அதற்குப் பிறகு வீடு இல்லை. கடைசியில், தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம், சூளையடியில் ஒரு வீடு அகப்பட்டது. இரண்டு அறை, கிணறு, முற்றத்தில் ஒரு நெல்லி. வீட்டுக்காரர் மனுசனைப் பற்றிக் கேட்கவேயில்லை. திங்கட்கிழமைக்குள் பதில் சொன்னால் போதும் என்றார்.

கந்தோரில் பக்கத்துக் கதிரையில் இருந்து வேலை செய்கிற இரஞ்சிதம் அக்கா கேட்டதும் பதறிப்போனார்.

"சூளையடியோ? உனக்கென்ன விசரே? கள்ளரும் கசிப்புச் சாராயக்காரரும். பொழுதுபட்டால் பேய் நடக்கிற இடம். பொம்பிளைப் பிள்ளையோட அங்க போய் இருக்கப்போறியே?"

"நீங்கள் போய்ப் பாத்தனீங்களோ அக்கா?"

"நான் ஏன் அங்க போறன்?"

இதுதான் சூளையடியின் தலையெழுத்து. ஒருவரும் போய்ப் பார்த்ததில்லை. எல்லாருக்கும் தெரியும்.

இடத்தை நேரில் பார்க்காமல் முடிவெடுக்கக் கூடாது என்று பிரஷாந்தினி நினைத்தாள். அப்போதுதான் பாலனைப் பற்றிக் கேள்விப்பட்டாள். ஐம்பது வயதுக்காரர். ஓட்டோ ஓடுகிறவர். பிறந்தது வளர்ந்தது சூளையடி. ஊருக்கு வந்த கெட்ட பெயரில் எரிச்சல் தாங்காமல், வெளிநாட்டிலிருந்து வருகிறவர்களையும் ஆர்வமுள்ளவர்களையும் அங்கே நடையாகக் கூட்டிக்கொண்டு போய்க் காட்டத் தொடங்கியிருந்தார். கூட்டம் சேர்க்க மாட்டார். ஒருவர், மிஞ்சினால் இருவர். ஓட்டோவிலும் ஏற்ற மாட்டார்.

"ஓட்டோவில போனா றோட்டுத்தான் தெரியும் தங்கச்சி. நடந்தாத்தான் ஆக்கள் தெரியும்."

ஒரு பௌர்ணமிப் போயா விடுமுறை நாளில் இருவரும் தண்டவாளத்தைக் கடந்தார்கள்.

பாலன் நடந்துகொண்டே ஒவ்வொரு பேயாகப் பிடித்துக் கொன்றார். பழைய செங்கல் சூளைக்கு மேலே வெள்ளைச் சேலையோடு ஒருத்தி நிற்கிறாளாம். பார்த்தால், மழைக்குச் சூளையை மூடின பொலித்தீன், கிழிந்து காற்றில் எழும்புகிறது. இரவில் பிள்ளை அழுகிற சத்தம் கேட்கிறதாம். "மயில்," என்றார் பாலன். "ரவுண் ஆக்களுக்கு மயிலைப் படத்திலதான் தெரியும்." வெளிச்சம் ஒன்று தானாக நடந்து போகிறதாம். அது இரணைமடுக் குளத்துக்கு வலை போடப் போகிற மதுசன், தலையில் லைற் கட்டிக்கொண்டு போகிறான். அந்த மதுசனே வேலிக்கு அந்தப் பக்கம் வலை பின்னிக்கொண்டிருந்தான். "பேய் நல்லாப் பாடும், கேக்கப்போறியளோ அக்கா?" என்று பகிடி விட்டான். பிரஷாந்தினி வாய்விட்டுச் சிரித்தாள். அப்படிச் சிரித்து எத்தனையோ மாதம்.

கசிப்புக்காரர் என்று பெயர் வாங்கின ஒழுங்கையில் எள்ளுப் பாகு மணந்தது. கள்ளர் ஒழுங்கையில் வேலிகளுக்குக் கதவு, படலை ஒன்றும் இல்லை. அடைத்து வைக்க ஒன்றும் இல்லை என்றார் பாலன்.

முன்பள்ளிக்கூடம் பூட்டிக் கிடந்தது. கம்பி யன்னலால் எட்டிப் பார்த்தார்கள். சின்னச் சின்னப் பிளாஸ்டிக் கதிரைகள், சிவப்பு, மஞ்சள், பச்சை. ஒவ்வொன்றின் முதுகிலும் ஒரு பிள்ளையின் பெயர். மூலையில் ஒரு நீலக் கதிரைக்கு மட்டும் பெயர் இல்லை.

"புதுப் பிள்ளை வந்தா எழுதுவினம். உங்கட ஆளுக்குத்தான் வைச்சிருக்கினம் போல," என்றார் பாலன்.

பிரஷாந்தினி அந்தக் கதிரையையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றாள். மனம் அப்போதே வீடு மாறிவிட்டது.

கிருசாந்தி என்பவளின் வீட்டில் தேத்தண்ணி தந்தார்கள். உள்ளங்கையில் ஒரு துண்டு பனங்கட்டியும் வைத்தாள். "எங்களைப் பாக்கவும் ஆள் வைச்சுக் கூட்டிக்கொண்டு வாற காலம் வந்திட்டுது, பாருங்கோவன்," என்று சொல்லிச் சிரித்தாள். பிரஷாந்தினி பக்கத்தில் வீடு எடுக்கப்போகிறாள் என்றதும், முருங்கைக்காய் இனி வாங்கத் தேவையில்லை, மகள் விளையாட இங்கே இரண்டு வாண்டுகள் இருக்கின்றன என்று அடுக்கிக்கொண்டே போனாள்.

கிளம்பும்போது பிரஷாந்தினி பழக்கப்படி சொன்னாள். "அப்ப சரி."

"என்ன அப்ப சரி? போயிட்டு வாறன் எண்டு சொல்லுங்கோ. இல்லாட்டி நீங்கள் இனி வரமாட்டியள் எண்டெல்லே நினைப்பன்."

பிரஷாந்தினி சிரித்து மழுப்பினாள். சொல்லவில்லை. பாலன்தான் இருவருக்குமாகச் சேர்த்து, "ஓம், நாங்கள் போயிட்டு வாறம்" என்றார்.

அதற்குப் பிறகு ஒழுங்கை ஒடுங்கியது. வீடுகள் குறைந்தன. அதுவரை வாய் ஓயாமல் வந்த பாலன், ஒரு படலையைக் கடக்கும்போது பேச்சை நிறுத்தினார். நடையும் வேகமானது. பார்வை நேரே றோட்டில்.

"இதில ஆர் இருக்கினம் அண்ணை?"

"ஆக்கள் இல்லை."

"இதுக்கு என்ன பேய்க்கதை?" என்று அவள் சிரித்துக்கொண்டே கேட்டாள்.

"இதுக்குக் கதை ஒண்டும் இல்லை."

அவர் சிரிக்கவில்லை.

கொஞ்சத் தூரம் போயிருக்க மாட்டார்கள். சோளகம் ஒரு மூச்சு மூசி அடித்தது. பின் ஒழுங்கையில் தகரம் ஒன்று கிளம்பி அடிக்கிற சத்தம். டங்… டங்… டங்… அதோடு ஒரு பெண்ணின் கூக்குரல். பாலனின் தங்கச்சி வீடு. கூரைத் தகரம் பறக்கப் பார்க்கிறது.

"தங்கச்சி, இந்த வேம்புக்குக் கீழ நில்லுங்கோ. தகரத்தைப் பிடிச்சுக் கட்டிப்போட்டு ஓடி வாறன். எங்கயும் போகாதேங்கோ."

ஓடிவிட்டார்.

பிரஷாந்தினி தனியே நின்றாள். வேம்பின் நிழல் காலடிக்குள் சுருங்கிக் கிடந்தது. ஒழுங்கையின் இரண்டு அந்தத்திலும் ஆள் இல்லை. நாய்கூட இல்லை. டங்… டங்… என்ற சத்தம் மட்டும். ஆளில்லாத ஞாயிறு இரவுகளில் பின்னறையில் கிடக்கும்போது வருமே, அந்தத் தனிமை. அது பட்டப்பகலில் வந்து பக்கத்தில் நின்றது.

"வெயிலுக்க நிக்கிறியள்… உள்ள வாங்கோவன்."

திரும்பிப் பார்த்தாள். அதே படலை. திறந்திருந்தது. வரும்போது திறந்திருந்ததா? நினைவில்லை. படலைத் தூணில் ஒரு வெள்ளைத் துணி முடிந்திருந்தது. சூளையடியில் எல்லாவற்றிலும் செம்புழுதி. மரத்தில், வேலியில், அவளுடைய காலில். அந்தத் துணி மட்டும் இப்போதுதான் தோய்த்துக் கட்டியதுபோல் வெள்ளையாக இருந்தது.

உள்ளே வீட்டு வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு ஒரு பெண் நின்றாள். பூப்போட்ட வீட்டுச் சட்டை. நாற்பத்தைந்து வயது மதிக்கலாம். முகம் நிழலுக்குள்.

ஆக்கள் இல்லை என்று பாலன் சொன்னாரே… வாடகைக்கு யாரும் புதிதாக வந்திருப்பார்கள் என்று நினைத்துக்கொண்டாள். கூப்பிடுகிற மனிதரை எப்படி மறுப்பது? படலைக்குள் கால் வைத்தாள்.

காற்று நின்றது.

குறைந்தது என்றில்லை. நின்றது. தகரச் சத்தமும் நின்றது. வெளியே வேம்பு ஆடிக்கொண்டிருந்தது. உள்ளே ஓர் இலை அசையவில்லை.

முற்றம் கூட்டியிருந்தது. ஈர்க்குமாற்றின் கீறல்கள் வளைவு வளைவாக. அதன் மேல் ஒரு கால்தடம் இல்லை. கூட்டியவளின் தடம்கூட இல்லை. நடந்து வந்து திரும்பிப் பார்த்தபோது அவளுடைய செருப்புத் தடம் மட்டும் தனியே வந்தது.

விறாந்தையில் ஒரேயொரு கதிரை.

"இருங்கோ."

"நீங்கள் இருங்கோ அக்கா."

"எனக்குக் கதிரை இல்லை. அண்டைக்கு நிறையக் கதிரை கிடந்தது. முற்றம் முழுக்க. பிறகு எல்லாத்தையும் ஏத்திக்கொண்டு போட்டினம்."

பிரஷாந்தினி இருந்தாள். கதிரை சில்லென்று இருந்தது. அந்த வெயிலில்.

"வீட்டில ஏதும் விசேசமோ?"

"தெரியாது பிள்ளை." அந்தப் பெண் சொன்னாள். "நல்ல சனம் வந்தது. சூளையடி முழுக்க வந்தது. முந்தி ஒருத்தரும் இந்தப் படலை திறக்கிறேல்ல. அண்டைக்கு எல்லாரும் வந்திச்சினம். எனக்குச் சரியான சந்தோசம்."

"பிறகு?"

"பிறகு போட்டினம். ஒவ்வொருத்தரா எழும்பிப் போட்டினம். ஒருத்தரும் என்னட்டை ஒரு சொல்லுச் சொல்லேல்ல. போயிட்டு வாறன் எண்டு… ஒருத்தரும் சொல்லேல்ல பிள்ளை. நான் வாசல்ல நிண்டு பாத்துக்கொண்டே இருந்தனான்."

கண்ணாடிக் கதவும், திரும்பி நின்ற செந்தூரனும், பிரெஞ்சுக் குரலும் பிரஷாந்தினியின் நினைவில் ஒன்றாக வந்தன. சொல்லிப்போட்டுப் போனவனும் வரவில்லை. சொல்லாமல் போனவர்களும் வரவில்லை. காத்திருக்கிறவளுக்கு இரண்டும் ஒன்றுதான்.

"செம்பில தண்ணி கிடக்கு. குடியுங்கோ."

கதிரைக்குப் பக்கத்தில் ஒரு செம்பு இருந்தது. விளிம்புவரை தண்ணீர். முதலில் அது அங்கே இருக்கவில்லை.

"வேண்டாம் அக்கா… போத்தில் கொண்டுவந்தனான்."

அந்த வீட்டில் அவள் வாயில் ஒன்றும் வைக்கவில்லை. அன்று அவள் செய்த ஒரே புத்தியான காரியம் அதுதான்.

"தனியவோ இருக்கிறியள்?"

"ஓம்… மகள் வவுனியாவில. நாலரை வயசு."



"பேர்?"

"யதுர்ஷிகா."

அந்தப் பெண் பெயரை ஒருமுறை சொல்லிப் பார்த்தாள். மெதுவாக. ருசி பார்ப்பதுபோல்.

"என்ரயும் உந்த வயசுதான்," என்றாள்.

பிரஷாந்தினியின் வியர்வை காய்ந்திருந்தது. கையில் மயிர் குத்திட்டு நின்றது. ஏன் என்று முதலில் விளங்கவில்லை.

பிறகு விளங்கியது.

குரல் வாசலிலிருந்து வரவில்லை.

கதிரைக்குப் பக்கத்திலிருந்து வந்தது… காதுக்குக் கிட்ட.

வாசலைப் பார்த்தாள்.

வாசலில் யாரும் இல்லை.

எழும்பினாள்.

"வெளிக்கிடுறியளோ?"

"ஓ… ஓம்."

"சொல்லிப்போட்டுப் போங்கோ பிள்ளை."

அதட்டல் இல்லை. கெஞ்சல். பஸ் கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்கிற யதுர்ஷிகாவின் குரலில் இருக்குமே, அந்தக் கெஞ்சல். ஓட நினைத்த கால் நின்றுவிட்டது. பயம் ஒரு பக்கம் இழுக்க, இரக்கம் வாயைத் திறந்தது. மூன்று வருடமாகச் சொல்லாத சொல்லை அவள் அங்கே சொன்னாள்.

"போயிட்டு வாறன் அக்கா."

அதோடு விட்டிருக்கலாம். ஆனால் தனித்திருக்கிறவர்களிடம் விடைபெறும்போது நாம் எல்லாரும் ஒன்றைக் கூட்டிச் சொல்வோம். மனம் கேட்காது. அவளும் சொன்னாள்.

"அடுத்தமுறை மகளையும் கூட்டிக்கொண்டு வாறன்."

ஒரு மூச்சு விடும் சத்தம்.

"ஓம்… வாங்கோ. நான் கதிரை போட்டு வைக்கிறன்."

எப்படி முற்றத்தைக் கடந்தாள் என்று அவளுக்குத் தெரியாது. காற்று முகத்தில் அறைந்தது. வேம்பின் இரைச்சல் மறுபடி கேட்டது. ஒழுங்கை நடுவில் பாலன் நின்றார். கையில் தகரம் கட்டி மிஞ்சின கம்பித் துண்டு. முகம் வெளுத்திருந்தது.

"அதுக்குள்ளால எப்பிடி வந்தனீங்கள்?"

திரும்பிப் பார்த்தாள்.

படலை துருப்பிடித்துக் கம்பியால் சுற்றிக் கட்டியிருந்தது. முற்றம் முழுக்க இடுப்பளவு நாயுண்ணிப் பற்றை. கூரை ஒரு பக்கம் இறங்கிக் கிடந்தது. விறாந்தையில் வெளிறிப்போன ஒரு பிளாஸ்டிக் கதிரை. அதன் கால்களில் கொடி ஏறியிருந்தது. அவள் நடந்து வந்த பாதை என்று ஒன்றும் இல்லை. அவளுடைய சீலையில் ஒரு முள், ஓர் ஒட்டுப்புல்கூட இல்லை.

பாலன் அவளைத் தண்டவாளம்வரை வேகமாகக் கூட்டிக்கொண்டு வந்தார். அங்கே ஒரு சிலிப்பர்க் கட்டையில் குந்திக்கொண்டு கேட்டார்.

"ஆரோடயும் கதைச்சனீங்களோ?"

"ஒரு அக்கா… பூப்போட்ட சட்டை…"

பாலன் இரண்டு கையாலும் முகத்தைத் துடைத்தார்.

இராசேஸ்வரி. மனுசனையும் மகளையும் போர்க்கால இடப்பெயர்வில் பறிகொடுத்துவிட்டுத் தனியே வந்து சூளையடியில் குடியேறியவர். யாரோடும் சேராதவர். சேராதவர் என்று ஊர்தான் நினைத்துக்கொண்டது. யாரும் படலை திறந்து கேட்கவில்லை. சமைக்கிற புகை சில நாளாக எழும்பாததைக்கூட யாரும் பார்க்கவில்லை. செத்த மணம் வந்த பிறகுதான் போனார்கள்.

"பிறகு வெக்கத்தில முழுச் சூளையடியும் போனது. உறவெண்டு ஒருத்தரும் இல்லை. நாங்கள்தான் எல்லாம் செய்தது. வாடகைக்குக் கதிரை எடுத்தது, வெள்ளை கட்டினது, தூக்கினது எல்லாம்."

"எல்லாரும் சொல்லாமல் போட்டினம் எண்டு சொன்னவா அண்ணை," என்றாள் பிரஷாந்தினி.

பாலன் அவளை நிமிர்ந்து பார்த்தார்.

"செத்த வீட்டில ஆர் தங்கச்சி சொல்லிக்கொண்டு வெளிக்கிடுறது?"

அவளுக்கு அப்போதுதான் விளங்கியது. இழவு வீட்டில் 'போயிட்டு வாறன்' என்று சொல்லக் கூடாது. சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த வழக்கம். திரும்பி வருவேன் என்று அந்த வீட்டில் சொன்னால், எதற்கு வருவது? இன்னொரு சாவுக்கா? பேசாமல் எழும்பிப் போய்விட வேண்டும். எல்லாரும் அப்படித்தான் போனார்கள். அது தன்னுடைய இழவு என்று தெரியாத ஒருத்தி வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சூளையடிக்கு நூறு பேய்க்கதை இருக்கு," என்றார் பாலன். "நூறும் வெளியாக்கள் கட்டினது. நூறும் பொய். அந்த வீட்டுக்கு மட்டும் ஒரு கதையும் இல்லை. வெளியாக்களுக்கு அவாவைத் தெரியாது. தெரிஞ்ச எங்களுக்குக் கதை கட்ட வாய் வரேல்ல."

குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

"வெளிக்கிடேக்க நீங்கள் ஒண்டும் சொல்லேல்லத்தானே?"

"இல்லை," என்றாள் பிரஷாந்தினி.

திங்கட்கிழமை அந்த வீடு வேண்டாம் என்று சொல்லி அனுப்பினாள். இரஞ்சிதம் அக்காவுக்கு வாய் கொள்ளாத சந்தோசம். "நான் அப்பவே சொன்னனானெல்லே? போனவளே பயந்து ஓடி வந்திட்டாள்," என்று கந்தோர் முழுக்கச் சொன்னார். சூளையடியின் கெட்ட பெயரோடு இன்னும் ஒரு கதை சேர்ந்தது. பனங்கட்டி வைத்த கிருசாந்தியை நினைத்துப் பிரஷாந்தினிக்கு வெட்கமாக இருந்தது. அங்கே இருப்பவர்கள் நல்ல மனிதர்கள் என்று சொன்னாள். யார் கேட்கிறார்கள்?

மகளைக் கிளிநொச்சிக்குக் கூட்டி வருகிற எண்ணத்தையே விட்டாள். கையைக் காலைப் பிடித்து மாற்றம் எடுத்துக்கொண்டு வவுனியாவுக்குப் போனாள். அக்கா வீட்டின் ஓர் அறையில் தாயும் மகளுமாக இருந்தார்கள். தைப்பொங்கல் கழிந்து யதுர்ஷிகா முதலாம் வகுப்புக்குப் போகத் தொடங்கினாள். எல்லாம் முடிந்தது என்று நினைத்தாள்.

ஒரு காலையில் பாலனிடமிருந்து போன் வந்தது.

"தங்கச்சி, ஒரு சின்ன விசயம். முன்பள்ளிக்கூடத்தில கதிரை ஒண்டு காணாமல் போச்சு. ரவுணில திரும்பவும் சூளையடிக் கள்ளர் எண்டு கதை. தேடிப் பாத்தா… அந்த வீட்டு விறாந்தையில கிடக்கு. பெரிய கதிரைக்குப் பக்கத்தில."

பிரஷாந்தினி போனைக் காதோடு அழுத்திப் பிடித்தாள்.

"பற்றையை வெட்டிக்கொண்டு போய் எடுத்துக் கொண்டுவந்து வைச்சம். அடுத்த நாள் திரும்ப அங்க கிடக்கு. திரும்ப எடுத்தம். திரும்பவும்… இப்ப விட்டிட்டம். முற்றம் வேற கூட்டிக் கிடக்குது. ஆரும் கூட்டேல்ல."

"எந்தக் கதிரை அண்ணை?" அவளுடைய குரல் அவளுக்கே கேட்கவில்லை.

"நீலம். நாங்கள் யன்னலால பாத்தமே, பேர் இல்லாத கதிரை. இப்ப அதில பேர் எழுதிக் கிடக்கு. ரீச்சர், தான் எழுதேல்ல எண்டு சத்தியம் பண்ணுறா. சூளையடியில அந்தப் பேரில பிள்ளை ஒண்டும் இல்லை."

போனில் காற்றுச் சத்தம் மட்டும் கேட்டது.

"தங்கச்சி… அண்டைக்கு உங்கட மகளின்ர பேரை நான் கேக்கேல்ல. என்ன பேர்?"

வாசலில் யதுர்ஷிகா வெள்ளைச் சீருடையோடு சப்பாத்துக்குள் காலை நுழைத்துக்கொண்டிருந்தாள். புத்தகப் பையைத் தூக்கித் தோளில் போட்டாள். திரும்பிப் பார்த்தாள்.

"அம்மா, போயிட்டு வாறன்."

தினமும் சொல்கிற பதில்தான். ஓம், போயிட்டு வாங்கோ. பிரஷாந்தினியால் அதைச் சொல்ல முடியவில்லை. போனை அணைத்துவிட்டு ஓடிப்போய்ப் பிள்ளையின் கையைப் பிடித்தாள். அன்றிலிருந்து பள்ளிக்கூடத்துக்கு அவளே கொண்டுபோய் விடுகிறாள். அவளே கூட்டிக்கொண்டு வருகிறாள். கிளிநொச்சிப் பக்கம் போகிற பஸ்ஸில் இன்றுவரை ஏறவில்லை. பாலனுக்கும் பதில் சொல்லவில்லை.

இதைக் கேட்டவர்கள் எல்லாரும் அவளிடம் கேட்பது ஒன்றுதான். இன்னும் பயமாக இருக்கிறதா என்று.

"பேய்க்குப் பயமில்லை," என்பாள் பிரஷாந்தினி. "மத்தியான வெயில் ஏறேக்க அவாவின்ர நினைவுதான் வரும். கதிரையைப் போட்டிட்டு, படலையைப் பாத்துக்கொண்டு நிப்பா. காத்திருக்கிறது என்னெண்டு எனக்குத் தெரியும். சரியான பாவமாக் கிடக்கும். ஒருக்காப் போய்ப் பாத்திட்டு வந்தால் என்ன எண்டு கிடக்கும்…"

பிறகு சொல்வாள்.

"எனக்கு அதுதான் பயம்."